அம்மாவும் அவரே, மகளும் அவரே: லூட்சியா பொப்

பெயர் பொப். பாடியதெல்லாம் கிளாசிக்கல். இந்த ஜோக்கை முதலிலேயே சொல்லி முடித்துவிடுகிறேன்.

போன வாரம் ஒரு ரிலீஸ் வேலை ராத்திரி இரண்டு மணி வரை இழுத்தது. சர்வர் தன் வேலையைப் பார்த்துக்கொண்டிருக்க, நான் ஹெட்போனை மாட்டிக்கொண்டு மோட்சார்ட்டின் 'மேஜிக் ஃப்ளூட்' ஓபராவின் இரண்டு ஒலிப்பதிவுகளை மாற்றி மாற்றிக் கேட்டேன். ஒன்று 1964-ல் ஆட்டோ க்ளெம்பரர் நடத்தியது. இன்னொன்று 1981-ல் பெர்னார்ட் ஹைட்டிங்க் நடத்தியது. இரண்டிலும் ஸ்லோவாக்கிய சோப்ரானோ லூட்சியா பொப் பாடியிருக்கிறார். முதலாவதில் அம்மா வேஷம், இரண்டாவதில் மகள் வேஷம். இந்தக் கட்டுரை அந்தப் பதினேழு வருஷ இடைவெளியைப் பற்றித்தான்.

கதை தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக: இரவு ராணியின் மகள் பமீனாவை சராஸ்ட்ரோ என்பவர் தன்னிடம் கொண்டுபோய் வைத்திருக்கிறார். மகள் கையில் கத்தியைக் கொடுத்து, 'அவரைக் கொன்றுவிடு, இல்லையென்றால் நீ என் மகளே இல்லை' என்கிறாள் ராணி. அவளுக்குத் தனியாகப் பாட மொத்தமே இரண்டு ஆரியாதான். ஆனால் இரண்டிலும் குரல் மேல் ஸ்தாயியில் உச்சி எஃப் வரை போக வேண்டும். கூட்டம் அதற்காகவே காத்திருக்கும். பமீனாவுக்கு அந்த வாணவேடிக்கை எதுவும் கிடையாது. காதலன் பேசாவிரதத்தில் இருப்பது தெரியாமல், அவன் தன்னை வெறுத்துவிட்டான் என்று நினைத்து அவள் மெதுவாகப் பாடும் ஒரு ஜி மைனர் ஆரியா இருக்கிறது. அதில் தப்பித்துக்கொள்ள இடமே இல்லை.

பொப் பிறந்தது 1939-ல், ஆஸ்திரிய எல்லையை ஒட்டிய ஒரு ஸ்லோவாக்கிய கிராமத்தில். பிராட்டிஸ்லாவாவில் அவர் சேர்ந்தது நடிப்பு படிக்க. பாட்டுப் பயிற்சியை மெஸ்ஸோ, அதாவது கொஞ்சம் கீழான பெண் குரலாகத்தான் தொடங்கினார். பிறகுதான் அந்த உச்சி ஸ்தாயி திறந்துகொண்டது. 1963-ல் பிராட்டிஸ்லாவாவில் இரவு ராணியாகவே மேடையேறினார். அதே வருஷம் கராயன் அவரை வியன்னா ஓபராவுக்கு அழைத்துக்கொண்டார். பிராட்டிஸ்லாவாவிலிருந்து வியன்னாவுக்குச் சுமார் 60 கிலோமீட்டர்தான், ஆனால் நடுவில் இரும்புத்திரை. 1967-ல் நியூயார்க் மெட்ரோபாலிட்டன் ஓபராவில் அறிமுகமானதும் இதே ராணியாகத்தான்.

இப்படி ஊரூராகத் தன்னைக் கொண்டுசேர்த்த வேஷத்தை அவர் பிறகு விட்டுவிட்டார். இதை வழக்கமாக எப்படி விளக்குகிறார்கள்? குரல் கனிந்தது, கனமான வேஷங்களுக்கு நகர்ந்தார், அவ்வளவுதான் என்று. உண்மைதான். ஆனால் எனக்கு இது பாதி விளக்கமாகத்தான் படுகிறது.

1964 பதிவைக் கேளுங்கள். க்ளெம்பரர் வசனங்களையெல்லாம் வெட்டிவிட்டார், ஆகவே கோபம் முழுக்கப் பாட்டிலேயே வந்தாக வேண்டும். பல பாடகிகள் இந்த இடத்தில் கத்துவார்கள். பொப் கத்தவில்லை. உச்சி ஸ்வரங்கள் ஒவ்வொன்றும் தனித்தனியாக, ஊசி குத்துவது போல விழுகின்றன. கணக்குப் போட்டு வைத்த கோபம். அப்போது வயது 24! ஆனால் முதல் ஆரியாவில், மகளை இழந்த கதையை மெதுவாகச் சொல்லும் பகுதியில், குரல் அழகாக இருக்கிறதே தவிர அங்கே ஒரு தாய் இல்லை. ராணி இருக்கிறாள், அம்மாவைக் காணோம்.

அந்தப் பதிவில் பமீனாவாகப் பாடுவது குண்டுலா யானோவிட்ஸ். பளிங்கு போன்ற குரல், ஒரு கீறல் கிடையாது. அதைக் கேட்டுவிட்டு உடனே 1981-க்கு வந்தால் பொப்பின் பமீனா வேறு ரகம் என்று தெரியும். ஜி மைனர் ஆரியாவில் அவர் பாடுகிறாரா பேசுகிறாரா என்று சில இடங்களில் சந்தேகமே வந்துவிடுகிறது. மேலே போகும்போது குரலை விரிக்காமல் மெலிய விடுகிறார். இதைவிட உயரமெல்லாம் ஏறி இறங்கியவர் என்பதற்கான அடையாளமே இல்லை. நடிப்பு படிக்கப் போன பெண்ணை நான் இங்கேதான் கேட்கிறேன். ராணியைக் கேட்கும்போது குரலைப் பார்த்து வாய் பிளக்கிறோம். பமீனாவைக் கேட்கும்போது குரலே ஞாபகத்தில் இல்லை.

இன்னொரு வேடிக்கை. 1981 பதிவில் ராணியாகப் பாடுவது எடிடா க்ருபெரோவா. அவரும் பிராட்டிஸ்லாவாக்காரர்தான், அங்கே தொடங்கி வியன்னா போனவர்தான். தான் விட்டுவந்த வேஷத்தைத் தன் ஊர்க்காரர் பாட, பொப் எதிரில் மகளாக நிற்கிறார்.

எல்லா நகர்வும் ஜெயித்தது என்று சொல்ல மாட்டேன். வாக்னரின் 'டான்ஹாய்சர்' ஓபராவில் எலிசபெத்தாக அவரைக் கேட்கும்போது, ஆர்கெஸ்ட்ராவுக்கு மேலே நிற்க அவர் குரலை இழுத்துப் பிடிப்பது போல எனக்குத் தோன்றும். ஆனால் மோட்சார்ட்டின் 'ஃபிகாரோ'வில் தோட்டக்காரர் மகள் பார்பரீனாவாகத் தொடங்கி, வேலைக்காரி சூசன்னாவாகி, கடைசியில் எஜமானி கவுண்டஸ் வரை போனார். ஸ்ட்ராஸின் 'ரோசன்காவலியர்' ஓபராவில் இளம்பெண் சோஃபியாகப் புகழ்பெற்றவர், பின்னாளில் அந்த சோஃபிக்காகத் தன் காதலனை விட்டுக்கொடுக்கும் மார்ஷலினாகவும் பாடினார். நன்றாகக் கைவந்ததை அடுத்தவருக்கு விட்டுவிட்டு நகர்வது அவர் வாழ்க்கையிலேயே இருந்தது. பத்து வருஷமாக ஒரே பழைய சிஸ்டத்தைத் தெரிந்தவன் என்பதற்காகவே மதிக்கப்படும் எனக்கு, இது கொஞ்சம் உறுத்தவும் செய்கிறது.

1993 நவம்பரில் மூனிச்சில் மூளைப் புற்றுநோயால் இறந்தார். வயது 54. கனமான வேஷங்களில் அவர் எங்கே போய் நின்றிருப்பார் என்பதைக் கேட்க நமக்குக் கொடுத்துவைக்கவில்லை.

கேட்க நினைப்பவர்களுக்கு ஒரு யோசனை: ராணியில் தொடங்காதீர்கள். முதலில் 1981-ன் பமீனா. பிறகு 1964-க்குத் திரும்பிப் போங்கள். 24 வயதுப் பெண் எதையெல்லாம் கையில் வைத்திருந்தார், அதில் எதைக் கீழே வைத்துவிட்டு நடந்தார் என்பது அப்போதுதான் சரியாகக் கேட்கும்.