தலைப்பாகையும் மௌனமும்

கோர்லா பண்டிட் என்ற பெயர் நம்மில் பலருக்குத் தெரியாது. தெரிந்தவர்கள் சிரித்திருப்பார்கள். 1949-ல் லாஸ் ஏஞ்சலஸின் கே.டி.எல்.ஏ. தொலைக்காட்சியில் ஹாம்மண்ட் ஆர்கன் வாசித்தவர். தலையில் கல் பதித்த தலைப்பாகை. புது டில்லியில் பிராமணத் தகப்பனாருக்கும் பிரெஞ்சுப் பாடகிக்கும் பிறந்தவர் என்று விளம்பரம். பதினைந்து நிமிஷ நிகழ்ச்சியில் ஒரு வார்த்தை பேச மாட்டார். ஒரு கை ஆர்கனில், ஒரு கை பியானோவில், கண் மட்டும் காமிராவில்.

மிஞ்சியிருக்கும் படச்சுருள்களை முதலில் பார்த்தபோது எனக்கு எரிச்சல்தான் வந்தது. எந்தப் பிராமணன் இப்படித் தலைப்பாகை கட்டினான்? அவர் வாசித்த 'இந்தியப் பாட்டு'கூட ரிம்ஸ்கி-கோர்சகோவ் என்ற ருஷ்யர் தம் 'ஸாட்கோ' ஓப்பராவுக்காகக் கற்பனை செய்துகொண்ட இந்தியா.

அவர் 1998-ல் இறந்தார். 2001-ல் ஆர்.ஜே. ஸ்மித் என்ற பத்திரிகையாளர் உண்மையை எழுதினார். மிஸௌரி மாநிலத்துக் கறுப்பினப் பாதிரியாரின் மகன் அவர். பெயர் ஜான் ரோலண்ட் ரெட். இந்தியராவதற்கு முன் ஹுவான் ரோலாண்டோ என்ற மெக்ஸிகோக்காரராகவும் இருந்திருக்கிறார். லாஸ் ஏஞ்சலஸில் அன்று இசைக் கலைஞர்களின் தொழிற்சங்கமே வெள்ளையருக்கு ஒன்று, கறுப்பருக்கு ஒன்று. இரண்டும் இணைந்தது 1953-ல்தான். நாட் கிங் கோல் தம் சொந்த முகத்தோடு 1956-ல் தொலைக்காட்சிக்கு வந்தார். தேசிய அளவில் விளம்பரம் தர ஒரு கம்பெனியும் முன்வரவில்லை. அடுத்த வருஷமே நிகழ்ச்சி நின்றது. மாநிறத்து மனிதனை வீட்டுக் கூடத்துக்குள் அனுமதிக்க அந்தத் தேசம் கேட்ட விலை ஒரு தலைப்பாகை. என் எரிச்சல் தவறான ஆள் மீது பாய்ந்திருந்தது.

இங்கேதான் விமர்சகனுக்குச் சோதனை. விஷயம் தெரிந்தபின் திரும்பக் கேட்டேன். இப்போது அந்த வாசிப்பில் ஒரு இனத்தின் துயரம் கேட்பதுபோல் இருந்தது. அது உண்மையா? இல்லை என்றுதான் சொல்ல வேண்டும். வாசிப்பு இனிப்பானது, பல இடங்களில் திகட்டுவது. கட்டைகளைத் தட்டி முரசொலி எழுப்பும் சாமர்த்தியம் உண்டு. இரண்டு வாத்தியங்களையும் ஒரே மூச்சில் பிடித்து நிறுத்தும் தேர்ச்சி உண்டு. ஆழம் எனக்கு அகப்படவில்லை.

அன்றைய ரசிகர்கள் அவருடைய மௌனத்துக்குள் தங்களுக்கு வேண்டிய இந்தியாவைப் போட்டு நிரப்பிக்கொண்டார்கள். இன்று நாம் நமக்கு வேண்டிய சோகத்தைப் போட்டு நிரப்புகிறோம். இரண்டும் ஒரே காரியம்தான். இரண்டிலும் அந்த மனிதன் வாசிப்பது காதில் விழுவதில்லை. அவருக்கு நேர்ந்த அநியாயத்தை அநியாயம் என்று சொல்லலாம். அதை ஈடுகட்ட அவரை மேதையாக்கினால் அது இன்னொரு தலைப்பாகை.

ஐம்பது வருஷம் அவர் அந்த வேஷத்தைக் களையவில்லை. அவர் வாயால் சொல்லாததை அவர் விரல்கள் சொன்னதாக நான் எழுத மாட்டேன்.