தன்னையே சிரிப்புக்குக் கொடுத்தவர்: கரோல் பர்னெட் – ஒரு மதிப்பீடு

நகைச்சுவை நடிகைகள் கையாளும் உத்திகளில் மிகப் பழையது, பிறர் சிரிப்பதற்கு முன்பே தன்னைத் தானே கேலி செய்துகொள்வது. தன் பல்லையும் உயரத்தையும் அழகின்மையையும் தானே முந்திக்கொண்டு சொல்லிவிட்டால், கேலி செய்ய வந்தவன் வாயடைத்துப் போவான். அமெரிக்கத் தொலைக்காட்சியில் இந்த உத்தியை வாழ்நாள் தொழிலாகவே வளர்த்தெடுத்தவர் கரோல் பர்னெட். 1967 செப்டம்பர் முதல் 1978 மார்ச் வரை, 11 பருவங்கள், அவர் பெயரிலேயே சிபிஎஸ் தொலைக்காட்சியில் ஓடிய பல்சுவை நிகழ்ச்சி 25 எம்மி விருதுகளைப் பெற்றது. பாட்டு, ஆட்டம், விருந்தினர் எல்லாம் அதில் உண்டு. ஆனால் இன்றும் நினைவில் நிற்பவை அதன் துணுக்கு நாடகங்களே. பர்னெட்டைப் பற்றி எழுதப்படுபவை பெரும்பாலும் வாழ்த்துரைகளாகவே முடிந்துவிடுகின்றன. அன்பான பெண்மணி, பெருந்தன்மையான தலைவி என்பதோடு பேச்சு நின்றுவிடுகிறது. அவருடைய கலைக்கு அது நியாயம் செய்வதாகாது. தன்னைத் தாழ்த்திக்கொள்ளும் உத்தி அவருக்கு எதைக் கொடுத்தது, அதற்கு அவர் எதை விலையாகக் கொடுத்தார் என்று கணக்குப் பார்க்க வேண்டும். அந்த உத்திதான் அவரை உள்ளே நுழைய வைத்தது, உள்ளே நிலைக்கவும் வைத்தது. ஆனால் அவருடைய ஆகச் சிறந்த நடிப்பெல்லாம் அந்த உத்தியை அவர் கைவிட்ட இடங்களில்தான் இருக்கிறது.

1933-இல் டெக்சஸ் மாநிலத்தின் சான் அன்டோனியோவில் பிறந்த பர்னெட்டின் தாயும் தந்தையும் குடிக்கு அடிமையானவர்கள். அவரை வளர்த்தவர் பாட்டி மேபல் ஒயிட். ஹாலிவுட்டில் ஓர் ஒற்றை அறைக் குடியிருப்பில், அரசு உதவித் தொகையை நம்பி ஓடிய வாழ்க்கை. இதழியல் படிக்கும் எண்ணத்தோடு கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தின் லாஸ் ஏஞ்சலஸ் வளாகத்துக்குப் போனவர் நாடகத் துறைக்கு மாறினார். அவர் நடிப்பைப் பார்த்த செல்வந்தர் ஒருவர், தன் பெயரை வெளியே சொல்லக் கூடாது என்ற நிபந்தனையோடு கொடுத்த 1,000 டாலர் கடன்தான் 1954-இல் அவரை நியூயார்க்குக்கு அனுப்பியது. 1957-இல் அவருக்குப் பெயர் வாங்கித் தந்த பாட்டு, அன்றைய வெளியுறவு அமைச்சர் ஜான் ஃபாஸ்டர் டல்லஸ் மீது காதல் பித்துப் பிடித்த ஒரு பெண் பாடுவது. இறுகிய முகத்துக்குப் பெயர்போன ஒரு முதிய அரசியல்வாதியை நினைத்து ஒருத்தி உருகுகிறாள் என்பதுதான் அதன் முழு வேடிக்கையும். 1959-இல் ‘ஒன்ஸ் அப்பான் எ மேட்ரஸ்’ இசைநாடகத்தில் அவர் ஏற்ற இளவரசி, அகழியை நீந்திக் கடந்து அரண்மனைக்குள் வரும் முரட்டுப் பெண். இரண்டிலும் சிரிப்பு எழுவது அவர் முகத்தைப் பார்த்தல்ல, அந்தப் பெண்களின் அடக்க முடியாத ஆசையைப் பார்த்து. பின்னாளில் அவர் எட்டப்போகும் உயரத்தின் விதை இங்கேயே இருந்தது. தொலைக்காட்சிக்கு வந்த பிறகு அது சில காலம் மண்ணுக்குள் புதைந்து கிடந்தது.

அப்படிப் புதைந்ததற்கு அந்தத் தொழிலின் அமைப்பும் ஒரு காரணம். கேரி மூரின் தொலைக்காட்சி நிகழ்ச்சியில் புகழ் பெற்ற பின் சிபிஎஸ் நிறுவனத்தோடு அவர் செய்துகொண்ட பத்தாண்டு ஒப்பந்தத்தில், முதல் ஐந்து ஆண்டுகளுக்குள் அவர் விரும்பினால் 30 ஒரு மணி நேரப் பல்சுவை நிகழ்ச்சிகளை நிறுவனம் கொடுத்தே தீர வேண்டும் என்று ஒரு விதி இருந்தது. ஐந்தாம் ஆண்டு முடியும் தறுவாயில் அவர் அதைக் கேட்டபோது, பல்சுவை நிகழ்ச்சி ஆண்களின் களம், உங்களுக்குக் குடும்ப நகைச்சுவைத் தொடர்தான் பொருந்தும் என்று அதிகாரிகள் தட்டிக்கழிக்கப் பார்த்தார்கள். எழுத்தில் இருந்த விதி அவரைக் காப்பாற்றியது. நிகழ்ச்சி கைக்கு வந்த பிறகும் அதிகாரம் முழுமையாக வந்துவிடவில்லை. எழுத்தாளர் குழுவில் பெண்கள் விரல்விட்டு எண்ணும்படி இருந்தார்கள். ஒரு காட்சி சரியில்லை என்றால் ஆண் நகைச்சுவை நட்சத்திரங்களான சிட் சீசரோ ஜாக்கி கிளீசனோ நேராகச் சத்தம் போட்டுவிடுவார்கள். தன்னால் அது முடியவில்லை என்று பர்னெட்டே பிற்காலப் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். இந்த வரியை எனக்குச் சரியாகச் சொல்ல வரவில்லை, கொஞ்சம் உதவுங்களேன் என்று குறையைத் தன் மேல் போட்டுக்கொண்டுதான் அவர் எழுத்தாளர்களைத் திருத்த வைத்தார். மேடையில் கையாண்ட அதே உத்தியை அவர் அலுவலகத்திலும் கையாண்டிருக்கிறார். அதில் சாமர்த்தியம் இருந்தது, வேலையும் நடந்தது. ஆனால் நிகழ்ச்சியின் உரிமையாளரே கெஞ்சித்தான் காரியம் சாதிக்க வேண்டியிருந்தது என்பதையும் சேர்த்தே பார்க்க வேண்டும். அவர் வழி திறந்தார் என்பது உண்மை. குனிந்து போகும் உயரத்துக்குத்தான் திறக்க முடிந்தது என்பதும் உண்மை.

மேடையில் இந்த உத்தியின் பலவீனம் தொடக்கப் பருவங்களில் வெளிப்படையாகத் தெரிகிறது. அழகான அறிவிப்பாளர் லைல் வேகனரைப் பார்த்து மயங்கி நிற்பதும் அவர் கண்டுகொள்ளாமல் போவதும் திரும்பத் திரும்ப வந்த வேடிக்கை. ஒப்பனை இல்லாத முகமும் பெரிய வாயும் உடல்வாகும் நகைச்சுவைக்குக் கச்சாப் பொருளாயின. ஸ்டெல்லா டாட்லர் என்ற கிழவி வேடத்தில் விழுவதும் அடிபடுவதும்தான் மொத்தச் சிரிப்பும். அந்த உடல்மொழியின் துல்லியம் வியக்க வைக்கிறது. விழும்போதுகூட எந்த மூட்டு முதலில் தளர வேண்டும் என்று தெரிந்து விழுகிற நடிகை அவர். ஆனால் அந்தத் துல்லியம் எதற்குச் செலவாகிறது என்று கேட்டால், முதுமையும் அழகின்மையும் தம்மளவிலேயே கேலிக்குரியவை என்ற, பார்வையாளர் ஏற்கெனவே நம்புகிற ஒன்றை உறுதிப்படுத்தத்தான். திருமதி விக்கின்ஸ் என்ற மந்தமான செயலாளர் வேடத்தையும் இங்கே சொல்ல வேண்டும். முதலில் தள்ளாத கிழவியாக எழுதப்பட்ட அந்தப் பாத்திரத்துக்கு, ஆடை வடிவமைப்பாளர் பாப் மேக்கி இறுக்கமான பாவாடையைக் கொடுத்தார். பின்பக்கம் தொளதொளவென்று நின்ற துணியை நிரப்ப பர்னெட் இடுப்பைப் பின்னுக்குத் தள்ளி நடக்க, அந்தப் புகழ்பெற்ற நடை பிறந்தது. ஒரு துணிக்கோளாறிலிருந்து ஒரு முழு மனுஷியை வரவழைத்தது அசாத்தியமான நடிப்பு. ஆனாலும் நகத்துக்குச் சாயம் பூசிக்கொண்டு தொலைபேசியைக் கண்டுகொள்ளாத அந்தப் பெண்ணைப் பார்த்து எழுந்த சிரிப்பு, அலுவலகங்களில் மரியாதைக்காகப் பெண்கள் போராடிக்கொண்டிருந்த அதே பத்தாண்டில் எழுந்தது. முதலாளி டட்பாலாக வந்த டிம் கான்வேயும் முட்டாள்தானே என்று சமாதானம் சொல்லலாம். முட்டாளாக இருந்தும் முதலாளியாக நீடிப்பவனுக்கும், முட்டாள் என்பதாலேயே அந்த வேலைக்குப் பொருத்தமானவள் என்று காட்டப்படுபவளுக்கும் வேறுபாடு உண்டு.

இதற்கு நேர் எதிர், 1976 நவம்பரில் ஒளிபரப்பான ‘வென்ட் வித் த விண்ட்!’. ‘கான் வித் த விண்ட்’ திரைப்படத்தைப் பகடி செய்த இதை எழுதியவர்கள் ரிக் ஹாக்கின்ஸ், லிஸ் சேஜ் என்ற இளம் எழுத்தாளர்கள். போரில் எல்லாம் இழந்த நாயகி, தான் தேடிப் போகும் நாயகனிடம் ஏழ்மையைக் காட்டிக்கொள்ளாமல் இருக்க, சன்னல் திரைச்சீலையைக் கிழித்து உடையாக்கிக்கொள்வது மூலப் படத்திலேயே உள்ள செய்தி. பர்னெட் படியின் உச்சியில் வந்து நிற்கிறார். பச்சை வெல்வெட், தங்கக் குஞ்சங்கள், தலையிலும் ஒரு குஞ்சத் தொப்பி. திரைச்சீலை மாட்டும் கம்பியோ இரு தோள்களுக்கு வெளியேயும் நீண்டபடி அப்படியே இருக்கிறது. கம்பியோடு சேர்த்தே தைப்பது மேக்கியின் யோசனை. அரங்கம் சிரித்து ஓயவே நேரமாகிறது. அந்த நேரம் முழுதும் பர்னெட் முகத்தில் ஒரு கோடுகூட அசைவதில்லை. முகவாயை உயர்த்தியபடி, ஊரிலேயே சிறந்த உடையை அணிந்த பெண்ணாகவே அவர் இறங்கி வருகிறார். நம்மைச் சிரிக்க வைப்பது கம்பியல்ல, அது கம்பியென்றே ஒப்புக்கொள்ளாத அவள் கர்வம். அந்தக் கர்வத்தைப் பார்த்துச் சிரிக்கிறபோதே அதை மதிக்கவும் தோன்றுகிறது. தன்னைத் தாழ்த்திக்கொள்ளும் நகைச்சுவையில் பார்வையாளர் நடிகையைவிட ஒரு படி மேலே நிற்கிறார். இங்கே மேலே நிற்பது அந்தப் பெண்தான்.

இந்த வழியின் உச்சம் ‘த ஃபேமிலி’ என்ற தொடர் துணுக்குகளில் வரும் யூனிஸ். டிக் கிளேரும் ஜென்னா மக்மகோனும் எழுதிய இதில், பர்னெட் தாய் வேடத்தை ஏற்பார் என்பதுதான் எதிர்பார்ப்பு. அவரோ மகள் யூனிஸைத் தேர்ந்தெடுத்து, தாய் வேடத்தைத் தன்னைவிட 16 வயது இளையவரான விக்கி லாரன்ஸிடம் கொடுத்தார். தன் குடும்பத்தார் பேசிய டெக்சஸ் வாடையை உச்சரிப்பில் ஏற்றினார். எழுதியவர்களுக்கு அது முதலில் உவப்பாக இல்லை என்றாலும் பாத்திரத்துக்கு உயிர் வந்தது அதனால்தான். பாடகியாகவோ நடிகையாகவோ ஆகியிருக்கலாம் என்ற நினைப்பை விட முடியாத ஒருத்தி. அம்மாவின் ஒற்றைச் சொல்லில் நொறுங்கிப் போகிறவள். கையாலாகாத கணவனிடம் அந்தக் கோபத்தைக் கொட்டுகிறவள். சாப்பாட்டு மேசையிலோ சீட்டு விளையாட்டிலோ தொடங்கும் காட்சி கூச்சலில் முடிகிறது. வசனத்தை மட்டும் படித்தால் பல இடங்களில் நகைச்சுவையே இருக்காது. பர்னெட் அவளைப் பரிதாபத்துக்குரியவளாகவும் ஆக்குவதில்லை, நல்லவளாகவும் ஆக்குவதில்லை. யூனிஸுக்குத் தன்னைக் கேலி செய்துகொள்ளவே தெரியாது. அதுதான் அவள் துயரம், நமக்கு வேடிக்கையும் அதுதான். துணுக்கு நாடகம் பத்து நிமிடச் சிரிப்புக்கானது, அதில் ஆழத்தைத் தேடுவது அபத்தம் என்று சிலர் சொல்லக்கூடும். யூனிஸ் அதற்கு விடை. அதே பாத்திரங்களை மென்மையாக்கி 1983-இல் தொடங்கிய ‘மாமாஸ் ஃபேமிலி’ தொடர் நீண்ட காலம் ஓடியது. ஆனால் யூனிஸின் சீற்றம் நடுவிலிருந்து விலகியதும் அது வழக்கமான குடும்ப நகைச்சுவையாகச் சுருங்கிவிட்டது. ஆழம் எங்கே இருந்தது என்பது அப்போது தெளிவாயிற்று.

பர்னெட்டின் நிகழ்ச்சியில் பெரிதும் கொண்டாடப்படும் பழக்கம் ஒன்று, நடிகர்கள் நடிப்பை விட்டுச் சிரித்துவிடுவது. ஒவ்வொரு வாரமும் பார்வையாளர் முன் இரண்டு முறை பதிவு நடக்கும். முதல் பதிவில் எழுதியபடி நடித்துக் கொடுத்துவிட்டு, இரண்டாவதில் கான்வே தன் சொந்தச் சரக்கை அவிழ்த்துவிடுவார். சக நடிகர் ஹார்வி கோர்மன் உதட்டைக் கடித்துக்கொண்டு சிரிப்பை அடக்கப் போராடுவதைப் பார்க்கவே கூட்டம் காத்திருக்கும். மக்கள் மிகவும் விரும்பியது இதைத்தானே, இதில் என்ன குறை என்று கேட்கலாம். பல் மருத்துவர் துணுக்கு போன்ற வெறும் கூத்தில் ஒரு குறையும் இல்லை. அங்கே உடைவதற்குக் கதையென்று ஒன்றும் கிடையாது. ஆனால் ‘த ஃபேமிலி’ காட்சி ஒன்றில் கான்வே நடுவே எழுத்தில் இல்லாத ஒரு யானைக் கதையை இழுத்துவிட்டபோது, யூனிஸாக இருந்தவர் கரோல் பர்னெட்டாகிவிடுகிறார். முகத்தை மறைத்துக்கொண்டு அவர் சிரிக்க, அதுவரை நடந்த சண்டையின் கனம் அந்த நொடியே கரைந்து போகிறது. நாங்கள் உங்களில் ஒருவர்தான், இதெல்லாம் விளையாட்டு என்று நடிகர்கள் நம்மிடம் சொல்வதுபோல் ஆகிவிடுகிறது. இதுவும் தன்னைத் தாழ்த்திக்கொள்வதன் இன்னொரு வடிவமே. இங்கே கீழிறக்கப்படுவது நடிகையின் தோற்றமல்ல, அவர் உருவாக்கிய உலகம். மக்களின் அன்பு கூடியது, கலையின் பிடி தளர்ந்தது. அந்தக் காட்சியை நாம் திரும்பத் திரும்பப் பார்க்கலாம். ஆனால் யூனிஸ் யார் என்பதை அது நமக்குச் சொல்வதில்லை.

இன்னொரு மறுப்பு கனமானது. 1960-களின் நடிகையை இன்றைய அளவுகோலால் அளப்பது நியாயமா? அவருக்கு வேறு வழி இருந்ததா? வேறு வழி குறைவு என்பதை மேலே சொன்ன ஒப்பந்தக் கதையே காட்டுகிறது. ஆகவே குற்றம் சாட்டுவது இங்கே நோக்கமல்ல. ஆனால் அளவுகோல் இன்றையதல்ல, அவர் வாழ்க்கையே கொடுத்தது. 1976-இல் நேஷனல் என்க்வையரர் இதழ், வாஷிங்டன் உணவகம் ஒன்றில் அவர் குடித்துவிட்டு ரகளை செய்ததாகவும் அப்போதைய வெளியுறவு அமைச்சர் ஹென்றி கிஸ்ஸிங்கரோடு வாக்குவாதம் செய்ததாகவும் பொருள்படச் செய்தி வெளியிட்டது. குடியால் பெற்றோரை இழந்த அவர் வழக்குத் தொடுத்தார். 1981-இல் நடுவர் குழு 16 லட்சம் டாலர் இழப்பீடு விதித்தது. பின்னர் அது பலமடங்கு குறைக்கப்பட்டாலும் வெற்றி அவருடையதே. கையில் வந்த பணத்தில் இதழியல் அறநெறிக் கல்விக்கு நன்கொடை கொடுத்தார். பத்தாண்டுக்கு மேல் தன்னைக் கேலிப்பொருளாக்கிய பெண், பிறர் அதைச் செய்தபோது நீதிமன்றம் வரை போனதில் முரண் எதுவுமில்லை. யார் எழுதுகிறார்கள், யார் கட்டுப்படுத்துகிறார்கள் என்பதுதான் கேலியை நாம் ஏற்பதையும் மறுப்பதையும் தீர்மானிக்கிறது. அவர் நீதிமன்றத்தில் வலியுறுத்திய அந்தப் பிடி அவர் துணுக்குகளில் எங்கே இருந்தது, எங்கே இல்லை என்று கேட்பது அவருக்கு அந்நியமான கேள்வியல்ல.

பின்னாள் வேலைகளும் இந்தக் கணிப்பை உறுதி செய்கின்றன. 1982-இன் ‘ஆனி’ படத்தில் குடிகார அநாதை விடுதிக் காப்பாளராக அவர் நடித்தது, ஒரு துணுக்கு அளவுக்குப் பொருந்தும் வீச்சை முழுப் படத்துக்கும் நீட்டியதால் ரசிக்கவும் வைக்கிறது, களைக்கவும் வைக்கிறது. அதற்கு மூன்று ஆண்டு முன்பு, வியட்நாமில் தன் தரப்புக் குண்டாலேயே இறந்த மகனுக்காக உண்மையைத் தேடும் தாயாக ‘ஃப்ரெண்ட்லி ஃபயர்’ தொலைக்காட்சிப் படத்தில் அவர் காட்டிய அடக்கம், துணுக்கு நடிகைக்கு நாடகம் வராது என்ற பேச்சை மறுத்தது. 2022-இல், 89 வயதில், ‘பெட்டர் கால் சால்’ தொடரில் மேரியன் என்ற முதியவளாக வந்தார். வீட்டுக்கு வந்து பழகும் மனிதனின் மோசடியை அவள் மடிக்கணினியில் தேடிக் கண்டுபிடிக்கிறாள். கிழவிக்கு என்ன தெரியும் என்ற அவன் நினைப்புதான் அவனைக் காட்டிக்கொடுக்கிறது. ஸ்டெல்லா டாட்லரில் முதுமை அடிவாங்கும் பொருளாக இருந்தது. மேரியனில் அந்த இளக்காரமே கதையின் பொறியாக மாறுகிறது.

ஆகவே பர்னெட்டைப் பின்பற்ற விரும்பும் துணுக்கு நடிகைகள் எதை எடுத்துக்கொள்வது, எதை விட்டுவிடுவது என்பதில் குழப்பம் தேவையில்லை. தன் முகத்தையும் உடலையும் பற்றி முந்திக்கொண்டு சிரித்தது ஒரு காலத்தின் கட்டாயம். நன்றியோடு நினைவுகொள்ளலாம், தொடர வேண்டியதில்லை. அவரை நிலைக்க வைப்பது வேறொன்று. தன் பாத்திரத்துக்குத் தெரியாத எதையும் தன் முகத்தில் காட்டாத கட்டுப்பாடு, அந்தப் பெண்ணின் கர்வத்தையும் கோபத்தையும் முழுதாக நம்பும் துணிவு, பெரிய வேடத்தை இளையவரிடம் கொடுத்துவிட்டுக் கடினமான வேடத்தைத் தான் எடுத்துக்கொள்ளும் தேர்வு. விருதுகளும் வாழ்த்துரைகளும் அவருடைய நல்ல குணத்தைப் பாராட்டுகின்றன. பாராட்டப்பட வேண்டியது அதைவிட, நல்லவளாகத் தெரிய வேண்டும் என்ற ஆசையே இல்லாமல் அவர் நடித்த யூனிஸ்.