மூச்சு வாங்கும் வாள்வீரன்

வாள்சண்டையில் எல்லோர் கண்ணும் கத்தியின் மேல்தான் போகும். 1925-ல் வந்த ஜப்பானிய மௌனப் படம் 'ஒரோச்சி'யின் கடைசிச் சண்டையில் நாயகனின் காலையும் மார்பையும் பாருங்கள். ஆள் எந்தப் பக்கம் நிற்கிறான் என்பது அங்கேதான் தெரிகிறது.

அதற்கு முந்தைய தலைமுறையின் நட்சத்திரம் ஓனோயே மட்சுனோசுகே. ஷோசோ மகினோ எடுத்த அவருடைய படங்களில் சண்டை, கபுகி நாடக மேடையின் நீட்சி. கால் ஊன்றி, கண்ணை உருட்டி, ஒரு நிலையில் உறைந்து நிற்பார். எதிரிகள் முறை வைத்து வந்து விழுவார்கள். எஜமானுக்காகப் பழிவாங்கிய 47 சாமுராய்களின் தலைவனாகவும் அவர் நடித்தார். விசுவாசிக்குத் தான் செய்வது சரியா என்ற குழப்பமே கிடையாது. அதனால்தான் உடம்பும் தளர்வதில்லை.

'ஒரோச்சி'யில் பாண்டோ சுமாசபுரோ அந்த உடம்பையே உடைத்துப் போட்டார். அவர் நடித்த ஹெய்சாபுரோ நேர்மையானவன், கொஞ்சம் முன்கோபி. விருந்தில் வம்புக்கு இழுத்த பெரிய இடத்துப் பிள்ளையோடு மோதுகிறான்; குருவோ இவனை மட்டும் விரட்டிவிடுகிறார். உத்தமன் வேஷம் போடும் ஒரு ரவுடித் தலைவனிடம் போய்ச் சேர்கிறான். அந்தத் தலைவன் குருவின் மகளைப் பலவந்தப்படுத்த முயன்றதும் அவனையே வெட்டுகிறான். வீட்டைச் சுற்றிக் காவலர் கூட்டம். கயிறுகள் பாய்கின்றன. முடி அவிழ்கிறது, கால் தள்ளாடுகிறது, மூச்சு இரைக்கிறது. இடையிடையே வாள் காற்றைத்தான் வெட்டுகிறது. இவ்வளவு களைத்த நாயகனை அதற்குமுன் எந்த வாள்படம் இவ்வளவு நேரம் காட்டியது? கடைசியில் பிடிபட்டுப் போகிறான். ஊர் ஏசுகிறது, அவன் காப்பாற்றிய குருவின் மகளும் அவள் கணவனும் மட்டும் கும்பிடுகிறார்கள். தணிக்கை அதிகாரிகள் படத்தை வெட்டியதும், தலைப்பை மாற்ற வைத்ததும் அநியாயமான சமூகத்தின் மேல் படம் காட்டும் கோபத்துக்குப் பயந்துதான் என்று நான் நினைக்கிறேன்.

இரண்டே ஆண்டில் இயக்குநர் டைசுகே இட்டோ இன்னும் துணிந்தார். அவருடைய 'சூஜியின் பயண நாட்குறிப்பு' (1927) முடியும்போது, ஒகோச்சி டென்ஜிரோ நடித்த சட்டவிரோதி சூஜி பக்கவாதத்தில் படுத்த படுக்கை. நாட்டின் பெரிய வாள் நட்சத்திரங்களில் ஒருவருக்கு வாளைத் தூக்கவே முடியவில்லை! சுற்றி நின்று போராடுவது அவனுடைய ஆட்களும் காதலி ஓஷினாவும். அவள் கையில் துப்பாக்கி. பிரபுக்களிடம் காணாமல்போன விசுவாசம் சட்டவிரோதிகள் கூட்டத்தில் உயிரோடு இருக்கிறது. அங்கும் ஒரு துரோகி உண்டு. அவனைக் கண்டுபிடித்துத் தீர்ப்பதும் ஓஷினாதான்.