பூங்குழலியின் துடுப்பு

‘பொன்னியின் செல்வன்’ பற்றி வகுப்பில் பேசிக்கொண்டிருந்தேன். இராமநாதபுரம் கடற்கரையிலிருந்து வந்து படிக்கும் மாணவி ஒருத்தி கேட்டாள்: “அம்மா, கல்யாணத்துக்கு அப்புறம் பூங்குழலி படகு ஓட்டுனாளா?” நாவலை நாலு முறை படித்த எனக்கு இந்தக் கேள்வி ஒருமுறையும் தோன்றியதில்லை.

பாக் விரிகுடாவின் வடமுனையில் இருக்கிறது கோடிக்கரை, தென்முனையில் இராமேசுவரம், எதிரே யாழ்ப்பாணக் கரை. சோழர் படைகள் ஈழத்துக்குக் கடல் கடந்ததும், இராசேந்திரன் 1025இல் கடாரம் வரை கலம் செலுத்தியதும் நம் பாடநூல்களின் பெருமிதம். மெய்க்கீர்த்தியில் வென்ற ஊர்களின் பட்டியல் உண்டு. துடுப்புப் போட்டவர்களின் பெயர் இல்லை.

1950 முதல் 1954 வரை எழுதிய தொடர்கதையில், அந்த வெற்றிடத்தில் கல்கி ஒரு பெண்ணை உட்காரவைத்தார். அது சின்ன காரியமல்ல. பூங்குழலிக்குப் புதைசேறு தெரியும், இரவுக்கடல் தெரியும். கொள்ளிவாய்ப் பிசாசுகளைத் தன் காதலர்கள் என்று சொல்லிச் சிரிக்கத் தெரியும். பதின்வயதில் எனக்குப் பிடித்தவள் குந்தவையல்ல, இவள்தான்.

ஆனால் அவள் படகில் யார் ஏறுகிறார்கள் என்று பாருங்கள். ஓலை கொண்டுபோகும் வீரன். காய்ச்சலில் கிடக்கும் இளவரசன். கதையை நகர்த்தும் அவளுடைய பயணங்கள் எல்லாம் அரண்மனையின் பயணங்கள். அவளுடைய கடலறிவு துணிச்சலாக, அழகாக, விந்தையாக வருணிக்கப்படுகிறது, தொழிலாக மதிக்கப்படுவதில்லை. கடலறிந்த இன்னொருத்தி, அவளுடைய அத்தை மந்தாகினி. அவள் ஊமை, மன்னனுக்கு வந்த வேலைத் தான் தாங்கிச் சாகிறாள். பூங்குழலியோ சேந்தன் அமுதனை மணந்து அரசியாகிறாள். ஒருத்திக்குத் தியாகம், ஒருத்திக்குக் கிரீடம். துடுப்பு இருவர் கையிலும் மிஞ்சவில்லை.

கேள்வி கேட்ட மாணவியின் அம்மா பாசி எடுப்பவர். விரலில் துணி சுற்றி, கண்ணாடி மாட்டி, மூச்சடக்கி மூழ்கிப் பாறையிலிருந்து கடற்பாசி பறிக்கும் வேலை. பாம்பனுக்குத் தெற்கே மன்னார் வளைகுடாவின் 21 தீவுகள் 1986இல் தேசியப் பூங்காவான பிறகு, தலைமுறையாகப் போன இடத்துக்கே அந்தப் பெண்கள் அத்துமீறியவர்களானார்கள். பாசி அழியக்கூடாதென்று மாதத்தில் 12 நாள் மட்டும் எடுப்பதாகத் தங்களுக்குள் கட்டுப்பாடு வைத்துக்கொண்டவர்களும் அவர்களே. அதை அறிவு என்று நாம் சொல்வதில்லை. ‘மீனவர்’ என்ற பொதுச்சொல்லைக் கேட்டதும் நம் மனதில் ஆண்தான் வருகிறான்.

இன்றைய கடற்படைச் செய்திகளும் அப்படித்தான். எல்லை தாண்டிய படகு, கைதானவர் எண்ணிக்கை. கரையில் கடனை அடைக்கும் மனைவி அந்த எண்ணிக்கையில் இல்லை. நம் விசைப்படகின் இழுவைமடி அறுத்துப்போகும் வலை, எதிர்க்கரையில் இன்னொரு தமிழ்ப்பெண்ணின் சோறு என்பதும் இல்லை. சோழர் கடல் என்று மார்தட்டும்போது இந்த இரண்டு பெண்களையும் சேர்த்தே மறக்கிறோம்.

மறுநாள் வகுப்பில், “நாவலில் பதில் இல்லை” என்றேன். “எங்கம்மா இன்னும் போறாங்க” என்றாள் அவள். அந்த ஆண்டுத் தேர்வில் பூங்குழலியின் வீரத்தை விளக்கச் சொல்லவில்லை. அவளுடைய தொழிலைப் பற்றி எழுதச் சொன்னேன்.