கலந்த மொழி கெட்ட மொழியா?

மதுரை, திண்டுக்கல், நிலக்கோட்டை, பரமக்குடி முதலிய ஊர்களில் வழிவழியாக நெசவில் பேர்பெற்ற சௌராஷ்டிர மக்கள் வாழ்கின்றனர். அவர்களுடைய வீட்டு மொழியைப் பற்றி இரண்டு கருத்துகள் வழங்குகின்றன. அது குஜராத்தியின் சிதைந்த வடிவம் என்பது ஒன்று. தெலுங்கும் தமிழும் கலந்த வெறும் கதம்பம் என்பது மற்றொன்று. இவை அறிவியல் நோக்கில் நிற்குமா என்று காண்போம்.

முதற் கருத்துக்கு ஒரு பெரிய பெயரின் துணை உண்டு. ஜார்ஜ் கிரியர்சன் தமது இந்திய மொழி அளவாய்வின் 1908ஆம் ஆண்டுத் தொகுதியில், இம்மொழியைப் 'பட்னூலி' என்ற பெயரில் குஜராத்தியின் கிளைமொழிகளோடு சேர்த்தார். அவ்வளவாய்வு சென்னை மாகாணத்தைத் தன் களமாகக் கொள்ளவில்லை என்பதை நினைவிற் கொள்ள வேண்டும். பின்னர் எச்.என். ராண்டில் 1944இல் இதனைத் தென்னிந்தியாவில் வழங்கும் ஓர் இந்தோ-ஆரிய மொழி என்றே தனியாக எடுத்து ஆராய்ந்தார். குஜராத்தி, மராத்தி இரண்டுடனும் இதற்கு ஒப்புமைகள் உள்ளன. அப்படியிருக்க, இன்றைய குஜராத்தியை அளவுகோலாக நாட்டி, அதிலிருந்து விலகியதையெல்லாம் சிதைவு என்பது பொருந்தாது. பிரிந்த நாள் முதல் இரண்டுமே மாறித்தான் வந்துள்ளன.

இரண்டாம் கருத்து இன்னும் வலுவற்றது. ஆங்கிலச் சொற்களில் பாதிக்கு மேல் பிரெஞ்சு, லத்தீன் வழி வந்தவை. ஆயினும் ஆங்கிலம் ஜெர்மானியக் குடும்பத்து மொழியே. எண்ணுப்பெயர், மூவிடப்பெயர், வினையமைப்பு ஆகியவையே உறவைக் காட்டும். சௌராஷ்டிரத்தில் மூன்று 'தீன்', நான்கு 'சார்', ஏழு 'ஸாத்'. கடன்சொற்களை மட்டும் எண்ணி உறவைத் தீர்மானிப்பது, சட்டையைப் பார்த்து வயதைச் சொல்வது போன்றதாகும்.

அப்படியானால் கலப்பு என்ன செய்தது? குஜராத்தி எழுத்தில் எகர ஏகாரத்துக்கும் ஒகர ஓகாரத்துக்கும் குறில், நெடில் வேறுபாடு இல்லை. சௌராஷ்டிர எழுத்தில், தமிழ், தெலுங்கு, கன்னடம் போலவே தனித்தனி எழுத்துகள் உண்டு. ஒலியமைப்பே அண்டை வீட்டாரோடு இசைந்துவிட்டது. 'என்று' என நாம் சொல்லுமிடத்தில், 'சொல்லி' என்று பொருள்படும் எச்சம் சௌராஷ்டிரத்தில் வருகிறது. ஆனால் மராத்தியிலும் இவ்வழக்கு உண்டு. ஆகவே, இது தமிழிடம் கற்றது என்று உடனே முடிவு கட்டலாகாது. ஒவ்வொரு கூறுக்கும் வேறு விளக்கம் உண்டா என்று பார்த்த பின்னரே தீர்ப்புச் சொல்ல வேண்டும்.

கலப்பு வரலாற்றுச் சான்றும் ஆகிறது. விஜயநகரத்தில் தங்கி, நாயக்கர் காலத்தில் மதுரை வந்தோம் என்பது இம்மக்களின் மரபு. 1705 வாக்கில் அரசி மங்கம்மாள் பிறப்பித்த ஆணை, அவர்கள் அப்போது மதுரையில் இருந்ததைக் காட்டுகிறது. மொழியில் படிந்துள்ள தெலுங்குச் சொற்கள் அம்மரபுக்கு இசைவாகவே உள்ளன. நிலப்படிவுகளைப் போல, சொற்படிவுகளும் கடந்து வந்த வழியைச் சொல்கின்றன.

மராட்டிய மாநிலத்துக் குப்வார் என்னும் சிற்றூரை கம்ப்பர்ஸ், வில்சன் என்னும் இருவர் ஆராய்ந்து 1971இல் எழுதினர். அங்கே மராத்தி, கன்னடம், உருது ஆகியவற்றின் வாக்கிய அமைப்புகள் ஏறக்குறைய ஒன்றாகிவிட்டன. சொற்களோ பெரிதும் தனித்தனியே நிற்கின்றன. அவற்றை யாரும் சிதைந்த மொழிகள் என்று தள்ளுவதில்லை.

2011 கணக்கெடுப்பில் சௌராஷ்டிரத்தைத் தாய்மொழி என்றோர் சுமார் 2.47 லட்சம் பேர். 2008இல் அதன் எழுத்து யூனிகோடில் இடம்பெற்றது. எனினும் பலர் தமிழெழுத்திலேயே எழுதுகின்றனர். க, ச, ட, த, ப வரிசைகளின் நான்கு நான்கு ஒலிகளையும் ஒவ்வோர் எழுத்தே தாங்க வேண்டியிருப்பதால், மேலே எண்ணிட்டு வேறுபடுத்துகின்றனர். எண்ணை விட்டால் வேறுபாடு மறையும்.

ஆனால் எழுத்தை விட ஏளனமே ஆபத்தானது. "கலப்பட மொழி" என்று கேட்டு வளரும் பிள்ளை அதை வெளியில் பேசக் கூசும். நாளடைவில் வீட்டிலும் விட்டுவிடும். மாறிய மொழி பிழைத்திருக்கும். பேசாத மொழியே மாளும். இம்மொழி பேசும் மாணவர்கள், தறியின் உறுப்புகளுக்குப் பாட்டி சொல்லும் பெயர், தாய் சொல்லும் பெயர், தாம் சொல்லும் பெயர் மூன்றையும் எழுதி ஒப்பிட்டுப் பார்க்கட்டும். அதுவே நல்லதோர் ஆய்வின் தொடக்கமாகும்.