சர்வரும் கருவறையும்: கட்டை உலகத்துக்குள் நுழைதல் குறித்துச் சில குறிப்புகள்

1

கம்ப்யூட்டர் விளையாட்டு என்று பேச்செடுத்தாலே நம் சூழலில் இரண்டு குரல்கள்தாம் கேட்கின்றன. ஒன்று, 'பையன் கெட்டுப் போறான்' என்கிற குடும்பத்தின் குரல். இன்னொன்று, 'பையன் கத்துக்கறான்' என்கிற சந்தையின் குரல். இரண்டுமே பையனைப் பற்றிப் பேசுகின்றன. அவன் நுழைகிற இடத்தைப் பற்றிப் பேசுவதில்லை. அந்த இடம் யாருடையது, கதவு யார் கையில் இருக்கிறது, உள்ளே போனவன் எதைத் தொடலாம், யார் நினைத்தால் அவனை வெளியே தள்ளலாம் என்கிற கேள்விகள் இரண்டு சொல்லாடல்களுக்குமே தேவைப்படவில்லை. நமக்குத் தேவைப்படுகின்றன. (பெண் பிள்ளைகள் இந்தப் பேச்சில் வருவதேயில்லை. அதற்குப் பின்னால் வருவோம்.)

மைன்கிராஃப்ட் என்பது கனசதுரக் கட்டைகளால் ஆன ஓர் உலகம். மண், கல், மரம், தண்ணீர் எல்லாம் கட்டைதான். உடைக்கலாம், எடுத்து இன்னோர் இடத்தில் அடுக்கலாம். வெல்வது தோற்பது என்று கட்டாயம் ஒன்றுமில்லை. ஸ்வீடனில் 2009இல் வெளிவந்தபோதே இது பிரவுசருக்குள் ஓடியது. பிறகு வளர்ந்து, விலைக்கு விற்கிற தனி மென்பொருளாகி, 2014இல் மைக்ரோசாஃப்ட் இதன் நிறுவனத்தை 250 கோடி டாலருக்கு வாங்கியது. பழைய ஆரம்ப வடிவத்தை மட்டும் 2019இல், பத்தாம் ஆண்டு நினைவாக, மறுபடி பிரவுசரில் இலவசமாக விட்டார்கள்.

நம்மூர்ப் பிள்ளைகளுக்கு இன்று முக்கியமானது இந்த இரண்டுமல்ல. ஈக்லர்கிராஃப்ட் என்கிற மூன்றாவது ஒன்று. விளையாட்டின் பழைய பதிப்புகளை (1.5.2, 1.8.8) யாரோ ஜாவாவிலிருந்து ஜாவாஸ்கிரிப்டுக்கு மாற்றிப் பிரவுசரில் ஓட வைத்தார்கள். கம்பெனியின் அனுமதி இல்லை. பதிப்புரிமைப் புகாரின் பேரில் பொது இடத்தில் வைத்திருந்த நிரல் நீக்கப்பட்டது. ஆனால் மொத்த விளையாட்டும் ஒரே ஹெச்டிஎம்எல் கோப்பில் அடங்கிவிடும். பென் டிரைவில் கைமாறும். விலை கொடுத்து வாங்க வேண்டாம், கணக்குத் தொடங்க வேண்டாம். 2011 முதல் அரசு கொடுத்த லேப்டாப் மாதிரியான எளிய எந்திரத்திலும் ஓட வைத்துப் பார்க்கலாம்.

2

தனியாக விளையாடினால் உலகம் அவனுடையது. ஆனால் தனியாக எவ்வளவு நேரம் கட்டிக்கொண்டிருப்பது? 'டேய், சர்வர் அட்ரஸ் அனுப்புடா' என்று கேட்கிற இடத்தில்தான் விளையாட்டு சமூகமாகிறது. இந்த நுழைதலைக் கொஞ்சம் நின்று பார்ப்போம்.

விலைக்கு வாங்கிய விளையாட்டு 25565 என்கிற போர்ட்டில் நேரடியாகச் சர்வரோடு பேசும். பிரவுசருக்கு அந்தச் சுதந்திரம் இல்லை. வெப்சாக்கெட் என்கிற வழியில்தான் அது பேச முடியும். எனவே இரண்டுக்கும் நடுவில் ஒரு துபாஷி தேவைப்படுகிறது, இதன் பேச்சை அதற்கும் அதன் பேச்சை இதற்கும் மாற்றிச் சொல்கிற ஒரு நிரல். அப்படித் துபாஷி வைத்திருக்கிற சர்வருக்குள் மட்டுமே பிரவுசர் ஆள் போக முடியும். எல்லாச் சர்வரும் வைப்பதில்லை. வீதி எல்லோருக்கும் பொது, வாசல் எல்லோருக்கும் பொதுவல்ல என்பது இங்கேயே தொடங்கிவிடுகிறது.

பட்டியலில் முகவரியைச் சேர்த்து, 'சேர்' என்று அழுத்தியதும் ஒரு பெயர் போதும். எந்தப் பெயரும் வைத்துக்கொள்ளலாம். அந்தப் பெயரில் சாதி இல்லை, அப்பன் பெயர் இல்லை, ஊர் இல்லை, கையில் நிறக்கயிறு இல்லை. பள்ளிக்கூடத்தில் நிறக்கயிறு கட்டக்கூடாதென்று நீதிபதி சந்துரு குழு 2024இல் அறிக்கை தர வேண்டியிருந்த மாநிலத்தில், இது சின்ன விஷயமல்ல.

ஆனால் உள்ளே போனதும் பெயருக்கு முன்னால் பட்டங்கள் ஒட்டிக்கொள்கின்றன. பல சர்வர்களில் காசு கொடுத்தால் உயர்ந்த பட்டம். காசு கொடுத்தவனுக்கு மட்டும் விளையாட்டில் கூடுதல் பலம் விற்கக்கூடாது என்று 2014இல் கம்பெனியே விதி போட வேண்டியிருந்தது. பெரிய கோயில்களில் கட்டண வரிசையையும் தர்ம தரிசன வரிசையையும் பார்த்துப் பழகிய நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

இதைவிட ஆழமான ஏற்பாடு ஒன்று இருக்கிறது. சர்வருக்குள் நுழைகிறவன் முதலில் தோன்றுகிற இடத்துக்கு 'ஸ்பான்' என்று பெயர். அதைச் சுற்றி எல்லாத் திசையிலும் 16 கட்டைத் தூரத்துக்கு, அதாவது 33க்கு 33 என்கிற சதுரத்துக்கு, ஒரு காவல் உண்டு. சாதாரண ஆள் அங்கே நடக்கலாம், நிற்கலாம், பார்க்கலாம். ஒரு கட்டையைக்கூட உடைக்கவோ வைக்கவோ முடியாது. 'ஓப்' என்கிற அதிகாரம் பெற்றவன் மட்டும் தொடலாம். அந்த அதிகாரத்துக்கு நான்கு படிகள். முதல் படி, காவல் சதுரத்தைத் தொடும் உரிமை. இரண்டாவது, உலகத்தின் நிலைமையை மாற்றும் ஆணைகள். மூன்றாவது, ஆளை வெளியேற்றும், தடை செய்யும் உரிமை. நான்காவது, சர்வரையே நிறுத்தும் உரிமை. மற்ற எல்லோரும் இந்த நான்கு படிக்கும் வெளியே. இந்த நிரலை எழுதியவர்களுக்கு நம்மூர்ச் சாத்திரம் எதுவும் தெரிந்திருக்க நியாயமில்லை. அதிகாரத்தை அடுக்க வேண்டும் என்று வந்துவிட்டால், அடுக்குகிறவன் யாராயிருந்தாலும் அதன் வடிவம் இப்படித்தான் வந்து நிற்கிறது போலிருக்கிறது.

3

பார்க்கலாம், தொடக்கூடாது. திருவண்ணாமலையிலிருந்து இதை வாசிக்கிறவருக்கு அடுத்து எதைச் சொல்லப்போகிறேன் என்று தெரிந்திருக்கும்.

நுழைவது, தொடுவது, நடத்துவது என்பவை மூன்று வேறு வேறு உரிமைகள். ஒன்று கிடைத்தால் மற்றது தானாக வராது. ஒவ்வொன்றுக்கும் நடுவே பல பத்தாண்டுகள் கிடக்கின்றன என்பதற்கு இந்த மாவட்டமே சாட்சி. சென்னை மாகாணத்தில் ஆலய நுழைவுச் சட்டங்கள் 1939லும் 1947லும் வந்தன. தண்டராம்பட்டுப் பக்கம் தென்முடியனூர் முத்துமாரியம்மன் கோயிலுக்குள் தலித் மக்கள் காலடி எடுத்து வைத்தது 2023 ஜனவரி 30 அன்று, போலீஸ் பாதுகாப்போடு. அது அறநிலையத் துறைக் கோயில். அதே ஆண்டு ஆகஸ்டில் செல்லங்குப்பம் மாரியம்மன் கோயிலிலும் அப்படியே நடந்தது. இரண்டு இளைஞர்களுக்கு நடுவே நடந்த சண்டை சமூக ஊடகத்துக்குப் போய், ஊருக்கு வந்து, கோயில் வாசலில் முடிந்தது. 'திரையில் நடப்பது வேறு, தெருவில் நடப்பது வேறு' என்கிறவர்கள் செல்லங்குப்பம் வரை ஒருமுறை போய்வரலாம்.

இது நுழைவு. தொடுதலின் கதை இன்னும் நீளம். பரம்பரை அர்ச்சகர் முறையை ஒழிக்கும் சட்டத் திருத்தம் 1970இல் வந்தது. 2006இல் அனைத்துச் சாதியினரும் அர்ச்சகராகலாம் என்று அரசாணை. அடுத்துப் பயிற்சிப் பள்ளிகள். சைவப் பள்ளிகளில் ஒன்று திருவண்ணாமலையில் நடந்தது. இருநூறுக்கும் மேற்பட்டவர்கள் பயிற்சி முடித்தார்கள், முடித்துவிட்டுக் காத்திருந்தார்கள். 2015 டிசம்பரில் உச்சநீதிமன்றத் தீர்ப்பு ஆகமத்தைக் காட்டி விஷயத்தைப் பாதியில் நிறுத்தியது. 2021 ஆகஸ்டில்தான் பயிற்சி பெற்றவர்களில் 24 பேருக்கு நியமன ஆணை கிடைத்தது. மந்திரம் தெரியும், முறை தெரியும், சான்றிதழ் கையில் இருக்கிறது. ஆனால் 33க்கு 33 சதுரத்துக்குள் கை நீட்ட முடியாது.

இன்னொன்று. அண்ணாமலையார் கோயிலின் 217 அடி ராஜகோபுரத்தைக் கிருஷ்ணதேவராயர் தொடங்கினார், தஞ்சை செவ்வப்ப நாயக்கர் முடித்தார் என்று படித்திருக்கிறோம். கல்லை மேலே ஏற்றியவர்களின் பெயர்? சர்வர்களில் கோர்புரொடெக்ட் என்று ஒரு நிரல் போடுவார்கள். எந்தக் கட்டையை யார், எந்த நேரத்தில் வைத்தார், யார் உடைத்தார் என்று ஒன்றுவிடாமல் அது குறித்து வைக்கும். கல் சுமந்தவனின் பெயர் கல்லோடு கல்லாகப் பதிவாவது வரலாற்றில் புதிது என்று மகிழப் போனால், அந்தக் கணக்கைப் புரட்டிப் பார்க்கும் உரிமை யாருக்கு என்பதை முடிவு செய்பவன் சர்வர்காரன். கல்வெட்டு மன்னன் பெயரைச் சொல்லி உழைத்தவனை மறைத்தது. இந்த ஏடு உழைத்தவன் பெயரை எழுதி, உடையவன் கையில் கொடுக்கிறது. மறதிக்குப் பதில் கண்காணிப்பு.

4

இந்த ஒப்புமையை ரொம்ப தூரம் இழுத்துக்கொண்டு போகக் கூடாது. சர்வரில் யாரும் ஓப்பாகப் பிறப்பதில்லை. ஒரு வரி ஆணையில் கொடுக்கலாம், இன்னொரு வரியில் பிடுங்கலாம். பிடிக்கவில்லையா, வேறு சர்வருக்குப் போகலாம். தென்முடியனூர்க்காரர் வேறு பிறப்புக்குப் போக முடியாது. சாதியையும் சர்வரையும் ஒன்றென்று சொல்வது சாதியின் கொடுமையை விளையாட்டாக்கிவிடும்.

வித்தியாசம் இன்னொன்றையும் காட்டுகிறது. சாதி பிறப்பால் தாங்கப்படுகிறது. சர்வர் உடைமையால் தாங்கப்படுகிறது. ஓப் பட்டத்தை எத்தனை பேருக்குப் பகிர்ந்து கொடுத்தாலும், எந்திரத்துக்கு மாத வாடகை கட்டுகிறவன் நான்கு படிக்கும் மேலே ஐந்தாவதாக நிற்கிறான். அவனுக்குப் பட்டமே தேவையில்லை. 'வேற சர்வருக்குப் போ' என்பது சுதந்திரம் மாதிரி தெரிகிறது. மூன்று மாதம் கட்டிய வீட்டை, தோட்டத்தை, நண்பர்களோடு வெட்டிய சுரங்கத்தை விட்டுவிட்டுப் போ என்பது அதன் பொருள். வெளியேறும் உரிமையை மட்டும் தாராளமாகக் கொடுக்கிற அமைப்புகளை நாம் ஏற்கெனவே அறிவோம். குத்தகைதாரருக்கும் அந்த உரிமை எப்போதும் இருந்தது.

5

இப்போது பெண் பிள்ளைகளுக்கு வருவோம். மணலில் சிறு வீடு கட்டி விளையாடுவது தமிழில் பழைய சமாச்சாரம். 'சிற்றில்' என்று அதற்குப் பெயர். கட்டுகிறவர்கள் சிறுமிகள். ஆனால் இலக்கியம் சிற்றிலைப் பேசும்போது பெரும்பாலும் கட்டுவதைப் பேசுவதில்லை, சிதைப்பதைத்தான் பேசுகிறது. கலித்தொகையில் மணல்வீட்டைக் காலால் மிதித்த சிறுவன் பிறகு காதலனாகத் திரும்பி வருகிறான். நாச்சியார் திருமொழியின் இரண்டாம் திருமொழி முழுக்க, எங்கள் சிற்றிலை உடைக்காதே என்கிற முறையீடு. ஆண்பாற் பிள்ளைத்தமிழில் சிற்றில் என்பது ஒரு பருவமாகவே நிலைபெற்றது. பாட்டுடைத் தலைவன், அதாவது கடவுளோ அரசனோ, சிறுமிகளின் வீட்டை உடைப்பான். அவர்கள் கெஞ்சுவார்கள். புலவர் அதை அவனுடைய அழகாகப் பாடுவார்.

அடுத்தவர் கட்டியதை உடைத்துப் போடுவதைச் சர்வர் மொழியில் 'கிரீஃபிங்' என்கிறார்கள். அது குற்றம், தண்டனை உண்டு. ஆனால் சர்வர்காரன் ஒரு நாள் 'மேப் ரீசெட்' என்று அறிவித்து எல்லோர் வீட்டையும் ஒரே நொடியில் அழித்தால் அதற்குக் குற்றம் என்று பெயரில்லை, அது நிர்வாகம். சிறியவன் உடைத்தால் நாசம், உடையவன் உடைத்தால் லீலை. பிள்ளைத்தமிழ்ப் புலவர்களுக்கு இந்த இலக்கணம் நன்றாகத் தெரிந்திருந்தது. ஆண்டாளின் பாட்டில் மட்டும் பேச்சு கட்டியவர்களின் வாயிலிருந்து வருகிறது. கட்டியதன் முதுகு வலி அங்கே சொல்லாக இருக்கிறது. ஆனாலும் உடைப்பவனின் உரிமை அங்கேயும் கேள்விக்கு உள்ளாவதில்லை; அவனிடமே கெஞ்ச வேண்டியிருக்கிறது. 'இந்த மணல் யாருடையது?' என்று எந்தச் சிறுமியும் கேட்டதாகப் பாட்டில்லை.

அந்தக் கேள்வியைத்தான் இன்று கேட்க வேண்டும். பிரவுசர் விளையாட்டில் பெண் பிள்ளைக்கு இரண்டு கதவுகள். ஒன்று சர்வர் கதவு. இன்னொன்று வீட்டிலுள்ள எந்திரத்தின் கதவு. அது பெரும்பாலும் அண்ணன் கையில் இருக்கிறது. முதல் கதவின் சாவியைப் பற்றி மட்டும் பேசிவிட்டு ஜனநாயகம் வந்துவிட்டது என்று எழுதுகிறவர்கள், தன் வீட்டு மேஜையை ஒரு தடவை பார்த்துவிட்டு எழுதட்டும்.

6

அப்படியானால் என்ன செய்ய? எல்லாமே அதிகாரம், எங்கும் அதிகாரம் என்று சொல்லிவிட்டுப் பேனாவை மூடிவைப்பது நம்மில் பலருக்குப் பழகிப் போன வசதி. அது வேண்டாம். பிள்ளைகள் கையிலேயே ஒரு வழி இருக்கிறது.

ஈக்லர்கிராஃப்டின் 1.8 பதிப்பில் தன் சொந்த உலகத்தையே மற்றவர்களுக்குத் திறந்துவிடலாம். ஒரு சிறு குறியீட்டுச் சொல் கிடைக்கும். அதை நண்பர்களிடம் சொன்னால் அவர்கள் நேராக உன் பிரவுசருக்குள்ளிருக்கிற உலகத்துக்கு வந்துவிடுவார்கள். நடுவிலிருக்கிற நிலையம் ஆளை ஆளோடு சேர்த்துவிட மட்டும்தான். வாடகை இல்லை, ஐந்தாவது ஆள் இல்லை. பலவீனமும் உண்டு. திறந்தவள் பிரவுசரை மூடினால் எல்லோருக்கும் உலகம் மூடிவிடும். பிரவுசரின் தரவைத் துடைத்தால் உலகமே போய்விடும். ஆனால் உலகத்தை ஒரு கோப்பாக எடுத்து இன்னொருத்தரிடம் கொடுக்கலாம். அடுத்த வாரம் அவர் திறக்கலாம். ஏரித் தண்ணீரை முறை வைத்துப் பாய்ச்சத் தெரிந்த ஊர்களுக்கு, ஓர் உலகத்தை முறை வைத்துத் திறப்பது பெரிய வித்தையல்ல. கம்பெனியின் சொத்துக்குள் ஏன் போக வேண்டும் என்று கேட்பவர்களுக்கு, முன்பு மைன்டெஸ்ட் என்றும் 2024 முதல் லுவாண்டி என்றும் பெயர் கொண்ட கட்டற்ற மென்பொருள் இருக்கிறது. நிறுவ வேண்டியிருக்கும், ஆனால் சர்வர் நடத்த யாரிடமும் அனுமதி கேட்க வேண்டாம்.

நம் வாசகசாலைகளும் மாலைநேரப் பாடசாலைகளும் செய்யக்கூடிய வேலை இது. ஐந்து பிள்ளைகள், இரண்டு எந்திரம், ஓர் உலகம். யார் ஓப், எத்தனை நாளைக்கு, அடுத்து யார், ஒருத்தரை வெளியேற்றுவதென்றால் யார் கூடி முடிவு செய்வது, கட்டியதை அழிப்பதென்றால் கட்டியவளைக் கேட்க வேண்டுமா வேண்டாமா — இவற்றைப் பிள்ளைகளே உட்கார்ந்து எழுதட்டும். சண்டை வரும், வரட்டும். நுழைவதற்கு ஒரு சட்டம், தொடுவதற்கு இன்னொரு சட்டம், நடத்துவதற்கு இனி எப்போதோ ஒரு சட்டம் என்று அவர்களுடைய பாட்டனும் அப்பனும் காத்துக் கிடந்தார்கள். மூன்றையும் ஒரே நாளில் கையில் எடுத்துப் பழகிய பிள்ளை, நாளை நிஜக் கோயில் வாசலில் நிறுத்தப்படும்போது என்ன கேட்கும் என்பதில்தான் இந்த விளையாட்டின் அரசியல் இருக்கிறது. மறுப்பு இருப்பவர்கள் எழுதுங்கள், விவாதிப்போம்.