பால்மரமும் பழங்காடும்

மலேசியத் தோட்டத் தொழிலாளரின் வாழ்வை நாவலாக்கிய அகிலன், அதற்குப் 'பால்மரக் காட்டினிலே' என்று பெயர் சூட்டினார். அப்பெயர் நம் செவிக்கு இனிக்கிறது. ஆயினும், இரப்பர்த் தோட்டம் காடாகுமா என்ற வினாவைத் திறனாய்வாளர் எழுப்பியே தீர வேண்டும்.

தோட்டத் தமிழில் 'காடு' இருபொருள் தரும் சொல். புலியும் மலேரியாக் காய்ச்சலும் குடிகொண்ட அடர்வனமும் காடே. நிரை பிடித்துப் பால்வெட்டும் இடமும் காடே. முன்னது அழிந்தே பின்னது எழுந்தது. அழித்த கைகளுள் நம் பாட்டன்மார் கைகளும் உண்டு. ஆணையும் ஆதாயமும் பிறருடையவை. அம்மனிதரின் துயரைப் பாடிய இலக்கியம், வீழ்ந்த மரங்களை எண்ணாது போனதில் வியப்பில்லை. காட்டை அழித்து நாடாக்கியதைக் கரிகாலனின் புகழாகப் பட்டினப்பாலையும் பேசுகிறதன்றோ!

ஆனால், அச்சொல்மயக்கத்தை இன்றும் தொடர்தல் தகாது. மரம் வெட்டும் தொழிலும் அம்மயக்கத்திலேயே நிழல் தேடுகிறது. தீபகற்பத்தின் காப்புக்காடுகளுக்குள்ளேயே இயற்கை வனத்தை அகற்றி, பலகைக்கென இரப்பர் மரங்களை நட்டிருக்கின்றனர். ஏட்டில் அது காப்புக்காடு. யானைக்கும் பூர்வகுடியினருக்கும் அது காடன்று. பேராக்கின் வடகோடியில் 117,500 ஹெக்டர் பரப்புள்ள பெலும் வனம் 2007இல் மாநிலப் பூங்காவாயிற்று. அதனை அடுத்த தெமெங்கோரிலோ மரவெட்டு தொடர்ந்தது. எல்லைக்கோட்டை விலங்கு அறியுமா?

இது வடக்கின் செய்தி மட்டுமன்று. நம் கிள்ளான் பள்ளத்தாக்கை அடுத்த கோல லங்காட் வடக்குக் காப்புக்காட்டில், 930 ஹெக்டருக்கு மேற்பட்ட பரப்பின் காப்புநிலையை நீக்க 2020 பிப்ரவரியில் அறிவிப்பு வந்தது. தெமுவான் பூர்வகுடியினரும் பொதுமக்களும் எதிர்த்தனர். ஒரு பகுதியின் காப்புநிலை நீக்கப்பட்டதென்பது 2021 ஆகஸ்டில் வெளியாயிற்று. எதிர்ப்பு வலுக்கவே, செப்டம்பரில் சிலாங்கூர் அரசு அம்முடிவைக் கைவிட்டது. அது நீரூறிய சதுப்புக்காடு. நீரை வடித்துவிட்டால் அதன் மட்கிய மண் நாட்கணக்கில் கனன்று புகையும்.

நிலமும் காடும் மாநிலங்களின் அதிகாரத்துக்கு உட்பட்டவை. மரத்தால் வரும் வருவாயை அவை நாடுவதில் வியப்பில்லை. எனினும், நட்ட மரத்தைக் காட்டி இழந்த வனத்தை ஈடுசெய்ததாகக் கூறுவது கணக்காகாது.

நிழல் செறிந்த காட்டை நாட்டின் அரண்களுள் ஒன்றாக எண்ணினார் வள்ளுவர். அந்த அரண் தோட்டமன்று. எனவே, தோட்டக் கதைகளைக் கற்பிக்கும் ஆசிரியர், 'காடு' என்ற சொல் வருமிடத்தில் சற்றே நின்று, "எந்தக் காடு?" என்று மாணவரைக் கேட்கட்டும். நம் திறனாய்வு அங்கிருந்து தொடங்கலாம்.